பிறந்த முடி

தடுப்பூசி நிலையத்தின் வாசலில் புதிதாக வந்து நின்ற நீர்ச்சுவடுமானி தர்மினியின் மயிரிழை ஒன்றை வாங்கிக்கொண்டு பச்சையாக ஒளிர்ந்தது. அடுத்து, அவள் இடுப்பிலிருந்த மகன் ஆரூரனின் முடியில் ஓர் இழை. சிவப்பு.

தடுப்பூசிக்கு வந்த கூட்டம் ஒதுங்கி நின்றது.

ஒருவர் குடித்த தண்ணீர் அவர் மயிரில் பதிந்துவிடும். எந்த நிலத்து நீர் என்பதை ஓர் இழையை வைத்தே அந்தக் கருவி சொல்லிவிடும். அட்டை, கைரேகை, ரத்தம் எல்லாவற்றுக்கும் போலி வந்துவிட்ட பிறகு அரசு நம்பியது அதை மட்டும்தான். கடல் விழுங்கிய நெடுந்தீவிலிருந்து களவாகப் படகேறியவர்கள் அதற்கும் வழி கண்டிருந்தார்கள். மொட்டையடித்து, இந்த ஊர்த் தண்ணீரில் புதுமுடி வளரும்வரை பதுங்கிக் கிடப்பார்கள். தர்மினியும் கணவன் பிரணவனும் அப்படித்தான் இந்த ஊர்க்காரர்கள் ஆனார்கள்.

பதுங்கியிருந்த அறையில்தான் ஆரூரன் பிறந்தான். ஆனால் அவன் வயிற்றில் வளர்ந்தபோது அவள் குடித்தது தீவுக் கிணற்று நீர். அது அவன் சுருள்முடியின் நுனியில் இன்னும் இருந்தது.

“பிள்ளைக்கும் மழிச்சு விடுவமப்பா” என்று பிரணவன் எத்தனையோ தரம் கேட்டிருந்தான்.

“தம்பி வரட்டும். அவன்ர மடியில வச்சு எடுக்கிறதெண்டு நேர்த்தி வச்சிருக்கிறன்.”

தம்பி கோகுலன் அடுத்த படகில் ஏறியவன். அந்தப் படகு வரவேயில்லை. மழித்துவிட்டால், அவன் இனி வரமாட்டான் என்று அவளே சொன்னதாகிவிடும். பிறகு பிரணவனும் கேட்பதை விட்டுவிட்டான்.

கருவியருகே நின்ற பெண் அலுவலர் ஆரூரனின் தலையைத் தடவினாள். “கொள்ளை அழகு. யாரு புள்ளம்மா இது?”

“என் புள்ளைதாங்க.” இந்த ஊர்ப் பேச்சைத் தர்மினி பழகியிருந்தாள்.

“உங்க தண்ணி இங்கத்துது. இவன் தண்ணி கடலுக்கு அந்தாண்ட. எப்படிம்மா உங்க புள்ளையாவான்? யார்கிட்ட வாங்குனீங்க?”

“இவன என்ன செய்வீங்க?”

“அந்தப் பக்கத்து முகாமுக்கு அனுப்பிடுவோம். சாயங்காலம் கப்பல்.”

தர்மினி வாயைத் திறந்தால் பிரணவனும் அகப்படுவான். திறக்காவிட்டால் பிள்ளை தனியே போவான்.

“நானும் அங்கத்தை ஆள்தான், அக்கா. நெடுந்தீவு. களவா வந்தனான். பிள்ளையோட என்னையும் அனுப்பிவிடுங்கோ.”

அலுவலர் இன்னோர் இழையை எடுத்துக் கருவியில் வைத்தாள். வேரிலிருந்து நுனிவரை பச்சை.

“பேச்ச யாரு வேணா பழகிக்கலாம்மா.” அவள் குரலில் இரக்கம் இருந்தது. “புள்ளையில்லாதவங்க இப்படி அழறத தெனம் பாக்கறேன். இந்த ஊர்க்காரங்கள அந்தக் கப்பல்ல ஏத்த சட்டமில்ல. வீட்டுக்குப் போங்க.”

ஆரூரன் தாயின் கழுத்தை இறுகக் கட்டிக்கொண்டான். காவலர்கள் அவன் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தார்கள். அவளுக்கு வலிக்காதபடி, மரியாதையாகத்தான் பிரித்தார்கள். அவள் இந்நாட்டுக் குடிமகள்.