இழுத்த இலைகள்

முன் நாற்காலியில் வியாகுலமேரி, அனாதை இல்லத்தின் செயலாளர். அவளுக்கு இடப்பக்கம், மடியில் லேப்டாப்போடு அவள் மகன் அமலன். கதவோர ஸ்டூலில் உதவியாளர் பெலிசியா. வேறு யாருமில்லை. ஆனாலும் செம்மண்டலத்து அந்த மத்தியான அறையில் யாரோ எச்சில் விழுங்கும் சத்தம் கேட்டது.

சுவரில் ஓடியது பழைய ஊமைப்படம். நூறு வருஷம் முன்பு இல்லத்து அனாதைப் பிள்ளைகளுக்குச் சிதம்பரத்துப் பண்ணைக்காரர் வைத்த தர்ம விருந்தைப் படம் பிடித்தது, நூற்றாண்டு விழாவில் காட்டுவதற்காக இப்போது கம்ப்யூட்டருக்கு மாற்றியது. நீள வரிசையில் வாழையிலை, ஆவி பறக்கும் சோறு, மொட்டைத்தலைகள், மடியில் அடங்கிய கைகள். விருந்து வைத்தவர் வாய் திறந்து 'சாப்பிடுங்கள்' என்று சொல்லாமல் பந்தியில் கை வைப்பதில்லை, பண்ணைக்காரர் சொல்லவேயில்லை. படம் பிடித்து முடிந்ததென்று நினைத்து அவர் கையசைக்க, ஆட்கள் சோற்றோடு இலைகளை இழுத்துக்கொண்டு போனார்கள்.

"அடப்பாவி! போட்டோவுக்குத்தான் சோறா?" என்றாள் பெலிசியா.

அமலன் சிரித்தான். "ஏன்டா பசங்களா, பாத்துக்குனே இருக்கீங்க? நான் சொல்றேன், சாப்புடுங்கடா!"

எல்லாத் தலைகளும் நிமிர்ந்தன.

புளித்த சோற்று வாடை. ஈர இலை வாடை. பக்கத்து நாற்காலியில் லேப்டாப் மட்டும்.

"தம்பி எங்கக்கா?" என்றாள் பெலிசியா.

சுவரில், படத்துக்குள். வரிசைக் கடைசியில் அமலன். இழுத்துப்போன இலைகள் வெறுமையாய்த் திரும்பி வந்திருந்தன. அழைத்தவன்தான் பரிமாற வேண்டும், அவனிடம் சோறில்லை. அவன் கையையே ஒரு இலைமேல் வைத்திருந்தார்கள். பக்கத்துப் பிள்ளை வாயைத் திறந்தது.

"வேணாம்ப்பா!" வியாகுலமேரி எழுந்தாள். "அவன் தெரியாம சொல்லிட்டான். உங்களைக் கூப்ட்டவரு பேரன் சிதம்பரத்துல இருக்காரு. வர வைக்கிறேன். எம்புள்ளைய வுட்டுடுங்க."

வாய் மூடியது.

கடிதம் எழுதினாள். 'மதிப்பிற்குரிய ஞானப்பிரகாசம் ஐயா அவர்களுக்கு, தங்கள் பாட்டனார் வைத்த விருந்து இன்னும் முடியவில்லை. தாங்கள் வந்து முன்னின்று பரிமாற வேண்டுகிறோம்.'

நிமிர்ந்தாள். மொட்டைத்தலைகள் இடமும் வலமும் ஆடின. போதாது.

பேனா நின்றது. அவருக்கும் பிள்ளைகள் உண்டு. இவள் பிள்ளையின் கை இன்னும் இலைமேல்.

'குழந்தைகளோடு வரவும்.'

தலைகள் நின்றன.

கடிதத்தை உறையில் போட்டாள். ஒட்டும் பசை காய்ந்திருந்தது. டிபன் பாக்ஸிலிருந்து ஒரு சோற்றுப் பருக்கையை எடுத்தாள். அத்தனை கண்களும் அவள் விரலோடு நகர்ந்தன. உறையின் ஓரத்தில் வைத்து நசுக்கினாள்.

"கையோட ஸ்பீடு போஸ்ட்ல போட்டுட்டு வா, பெலிசியா."

ஸ்கூட்டி சத்தம் தெருமுனையில் கரைந்தது. சுவரில், பிள்ளைகள் ஒரே நேரத்தில் இலைகளில் தண்ணீர் தெளித்துத் துடைத்தார்கள்.

அமலனும் துடைத்தான். நாக்கால் உதட்டைத் தடவிக்கொண்டான்.