ஆறிய குரல்

ஆவணப்படங்களுக்குச் சான்று தரும் அலுவலகத்தில் காலை பத்து மணிக்கெல்லாம் அழத் தொடங்கிவிடுவார்கள். அது அவர்கள் வேலை. பழைய ஒலிப்பதிவுகளைக் கேட்பார்கள், கண்ணைத் துடைப்பார்கள், முத்திரை குத்திவிட்டுத் தேநீர் குடிக்கப் போவார்கள்.

2094இல் சட்டம் எளிது. சமூகக் கொடுமைகளைப் பற்றிப் படம் எடுக்கலாம். ஆனால் அதில் ஒலிக்கும் குரல் ஐம்பது ஆண்டாவது ஆறியிருக்க வேண்டும். உயிரோடிருப்பவர் புலம்பினால் அது 'பச்சைக்குரல்'. பொது அமைதிக்குக் கேடு. ஆறிய குரல் ஒலித்தாலோ, மனிதர்களும் இயந்திரங்களும் ஒரு நிமிடம் அசையாமல் நின்று மரியாதை செய்ய வேண்டும்.

தன் படத்துக்காக, பழைய பதிவு என்று இளவேனில் நீட்டியது முந்தாநாள் எடுத்தது. பேசியவள் அவளுடைய அம்மா அஞ்சுகம், கழிவுநீர் நிலையத் தொழிலாளி. கையுறை கேட்டு ஏழு மனு போட்டாயிற்று. உள்ளங்கைத் தோல் உரிந்ததுதான் மிச்சம். படம் வந்தால் ஊர் கேட்கும். பிடிபட்டால் ஆறு மாதம் சிறை.

அதிகாரி பரசுராமன் பதிவைக் காலங்காட்டியில் போட்டார். சொல்லப்படும் சங்கதியை வைத்தே அது குரலின் வயதைக் கணிக்கும்.

"கையுறை குடுன்னா, உங்க ஆளுங்களுக்கு எதுக்குடி கையுறைன்றான் சூப்பர்வைசர். தண்ணி கேட்டா தனி டம்ளர்..."

திரையில் விழுந்தது: 1987.

பரசுராமன் எழுந்து நின்று தேம்பினார். "எப்பேர்ப்பட்ட காலம்மா அது! நல்லவேளை, நாம அப்போ பொறக்கல."

"ஆமா சார், நீங்க தப்பிச்சிட்டீங்க."

அஞ்சுகத்தின் குரல் ஆறிய குரல்களின் பதிவேட்டில் ஏறியது. அந்தக் கணமே நாட்டிலுள்ள எல்லா இயந்திரங்களுக்கும் தகவல் போனது. இதை மட்டும் இளவேனில் யோசிக்கவில்லை.

மதியம் இரண்டு மணி ஷிப்டுக்கு அம்மாவை நிலையத்தில் கொண்டுபோய் விட்டாள். குரல் கேட்டுத் திறக்கும் கதவிடம் அஞ்சுகம், "நான்தான், தொற" என்றாள்.

'மறைந்த குரலுக்கு அஞ்சலி' என்று சொல்லிவிட்டுக் கதவு மௌனமானது. உள்ளே மோட்டார்கள் நின்றன.

ஒரு நிமிடம் கழித்து மோட்டார்கள் மீண்டும் ஓடின.

"எவடி மறைஞ்சவ?" என்றாள் அஞ்சுகம். மறுபடி எல்லாம் நின்றது.

சூப்பர்வைசர் ஓடிவந்தான். "அக்கா, கொஞ்சம் வாயை மூடுக்கா! தொட்டி வழியுது!" பதினோரு வருடத்தில் அவன் அக்கா என்றது அன்றுதான்.

அஞ்சுகம் மகளைப் பார்த்தாள். "என்னாடி பண்ணி வெச்சிருக்க?"

"உன்னை சாகடிச்சிட்டேன்மா. பேசு, நிறுத்தாத."

அஞ்சுகம் பேசினாள். கையுறையில் தொடங்கி டம்ளருக்கு வருவதற்குள் கழிவுநீர் சூப்பர்வைசரின் கணுக்காலைத் தொட்டுவிட்டது. கையுறைப் பெட்டி வந்தது. அத்தனை வருடமும் அது ஸ்டோர் ரூமில்தான் இருந்திருக்கிறது, பூட்டி.

இனி வீட்டில் அம்மா "சாப்பிட வாடி" என்றாலும் மின்விசிறி நின்றுவிடும். "வேர்த்தா வேர்க்கட்டும்" என்று கையுறையை மாட்டிக்கொண்டாள் அஞ்சுகம்.

மறுநாள் காலை அந்தச் சான்று அலுவலக வாசலில் கழிவுநீர் நிலையத்துப் பெண்கள் இருபத்தாறு பேர், செத்துப்போவதற்கு வரிசையில் நின்றார்கள்.