வாஷ்பேசின் பக்கத்துக் கட்டில்

என் தம்பியை நாலாம் நம்பர் கட்டிலுக்கு மாற்றச் சொல்லிச் சண்டை போட்டவள் நான்தான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிறகு யாரும் என்னைப் பார்த்து ஐயோ பாவம் என்று உச்சுக்கொட்ட வேண்டாம்.

தம்பி வெல்டர். காலி பெயிண்ட் டிரம் என்று நம்பி வெட்டியிருக்கிறான்; உள்ளே மிச்சமிருந்த ஆவி வெடித்துவிட்டது. கழுத்து, மார்பு, இடது கை முழுக்கத் தோல் போய்விட்டது. நான் தீக்காய வார்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது பகல் பன்னிரண்டு மணி. நான்கு கட்டில்கள், உயரமான ஜன்னல்கள், மூலையில் ஒரு பழைய வாஷ்பேசின். பினாயில் நெடி மூக்கைத் துளைத்தது. எனக்கு அந்த நெடி பிடிக்கும். வீட்டுக்குள் செருப்போடு வந்தவர்களை விரட்டியே பெயர் வாங்கியவள் நான்.

"வந்துட்டியா சோப்பக்கா," என்றான், உதடு வீங்கிக் கிடந்தபோதும். "டாக்டரையே கை கழுவிட்டு வரச் சொல்லுவியே."

"சொல்லுவேன்டா. வாயை மூடிட்டுப் படு."

அம்மா போனபோது அவனுக்கு ஆறு வயது. அன்றிலிருந்து எனக்கு அவன், அவனுக்கு நான். வேறு ஆள் கிடையாது.

அவனுக்கு முதலில் கிடைத்தது இரண்டாம் நம்பர் கட்டில். நாலாம் நம்பரில் ஒரு பேக்கரி மாஸ்டர். கொதிக்கிற எண்ணெய் காலில் கொட்டிவிட்டதாம். புண் ஆறிக்கொண்டு வருகிறது, அடுத்த வாரம் வீடு என்று பெருமையாகச் சொன்னார். மறுநாள் மதியம் தூங்கி எழுந்தவர், மூக்கை உறிஞ்சிக்கொண்டே கேட்டார்.

"யாராவது திராட்சை வாங்கிட்டு வந்தீங்களா?"

யாரும் வாங்கவில்லை. "மாஸ்டருக்கு நாக்கு கேக்குது," என்று தம்பி கிண்டல் செய்தான். அவரும் சிரித்தார்.

அன்று மாலையே அவருக்குக் குளிர் ஜுரம். மூன்றாம் நாள் காலை நான் போனபோது கட்டிலில் புது விரிப்பு போட்டிருந்தார்கள்.

ஒரு மனிதர் செத்துப்போன இடத்தில் எனக்கு என்ன தோன்றியது தெரியுமா? வாஷ்பேசினுக்குப் பக்கத்துக் கட்டில் காலி என்று தோன்றியது. நினைத்த நேரம் கை கழுவலாம், கழுவிய கையோடு அவனைத் தொடலாம். பெரிய சிஸ்டரிடம் ஒரு மணி நேரம் மல்லுக்கட்டி வாங்கிவிட்டேன்.

வார்டு துடைப்பவரை எல்லோரும் பினாயில் அண்ணன் என்றுதான் கூப்பிடுவார்கள். கட்டிலை நகர்த்தும்போது அவர் என் காதோரம் வந்தார்.

"அந்தக் கட்டில் வேணாம்மா."

"ஏன், பேய் இருக்கா?"

"பேயா இருந்தா ஓட்டிடலாம்," என்றார். "இந்த வருஷத்துல அதுல போனதுல மாஸ்டர் நாலாவது ஆளு."

வேலைக்குச் சோம்பல்பட்டுச் சாக்குச் சொல்கிறார் என்று நினைத்தேன். முகத்துக்கு நேராகவே சொன்னேன். அவர் கட்டிலைத் தள்ளினார்.

அந்த வாஷ்பேசினை நான் என் வீட்டுச் சாமானைப் போலத் தேய்த்து வைத்தேன். வெள்ளை வெளேர் என்று மின்னியது. ஒரு நாளைக்கு நாற்பது தடவை கை கழுவினேன். தம்பி பாதியில் வைத்த பாலை அதில்தான் கொட்டினேன். மிஞ்சிய குளுக்கோஸ் தண்ணீரையும் அதில்தான் கொட்டினேன். பாத்ரூம் தாழ்வாரத்தின் அந்தக் கோடியில் இருந்தது. அவனை விட்டு அவ்வளவு தூரம் போக எனக்கு மனமில்லை.

"அதுல ஊத்தாதீங்கம்மா," என்றார் பினாயில் அண்ணன். "கை கழுவற இடம் அது. தீனி போடாதீங்க."

"யாருக்குத் தீனி?"

அவர் பேசினின் குழியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். வாளியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்.

ஒவ்வொரு முறை ஊற்றும்போதும் தண்ணீர் சுழன்று இறங்கும். சற்று நேரம் கழித்து, அடியிலிருந்து ஒரு சத்தம் வரும்.

குளுக்.

வாய் நிறைய வாங்கி விழுங்கினால் தொண்டையில் வருமே, அந்தச் சத்தம். பழைய குழாய் என்று விட்டுவிட்டேன். ஆறாம் நாள் மத்தியானம் நான் எதையும் ஊற்றவில்லை. தம்பிக்கு விசிறிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

குளுக்.

திரும்பிப் பார்த்தேன். பேசின் காய்ந்து கிடந்தது. குழியின் கறுப்பு மட்டும் ஈரமாக மினுங்கியது. அதிலிருந்து ஒரு வாசம் மெல்ல எழுந்தது. சாக்கடை நாற்றமாக இருந்திருந்தால் எனக்குப் பயமே வந்திருக்காது. இது தித்திப்பாக இருந்தது. கனிந்து வெடிக்கப்போகிற பழத்தின் வாசம்.

தம்பி கண்ணைத் திறந்தான்.

"அக்கா, திராட்சை வாங்கிட்டு வந்தியா?"

என் கையிலிருந்து விசிறி விழுந்தது.

டிரெஸ்ஸிங்கைப் பிரித்தார்கள். உள்பக்கத் துணி பட்டுச் சேலையின் மயில்கழுத்து நிறத்தில் நனைந்திருந்தது. அவ்வளவு அழகான நிறத்தை ஒரு புண்ணில் பார்க்கக் கூடாது. அவனுக்குப் பல் தந்தியடித்தது. ஒரே மதியத்தில் ஜுரம் ஏறிவிட்டது.

இரண்டு நாள் கழித்து லேப் டாக்டரம்மா ரிப்போர்ட்டோடு வந்தார். ஒல்லியான பெண்மணி, குரலை உயர்த்தாமல் பேசுபவர். தாளில் இருபது மருந்தின் பெயர்கள். ஒவ்வொன்றின் எதிரிலும் 'ஆர்' என்ற ஒரே எழுத்து. அந்த மருந்துக்கு இந்தக் கிருமி அடங்காது என்று அர்த்தமாம். கடைசி வரியில் மட்டும் எழுத்து வேறாக இருந்தது.

"இது ஒண்ணுதான் கேக்கும். பழைய மருந்து, கிட்னியைப் பதம் பாக்கும். வேற வழியில்லை," என்றார்.

"இதுக்கும் கேக்கலேன்னா?"

"இதுக்கு அப்புறம் எங்க கையில ஒண்ணும் இல்லம்மா."

"எனக்கு ஏன் ஒண்ணும் ஆகலை? நானும் இங்கதானே கெடக்கிறேன்?"

"நல்லா இருக்கறவங்களை அது சீண்டாது. குழாய்ல, ஈரத்துல சும்மா கெடக்கும். சோர்ந்து படுத்தவங்களுக்காகக் காத்துக்கிட்டு இருக்கும். அது வளர்ற இடத்துல திராட்சை வாசம் வரும்."

பிறகு அவர் ஜன்னல் திரைகளை இழுத்து மூடச் சொன்னார். விளக்கை அணைத்தார்கள். மதியம் மூன்று மணிக்கு வார்டு இருண்டுபோனது. அவர் கையிலிருந்த ஊதா விளக்கு எரிந்தது. அந்தக் கிருமி இருக்கும் இடம் அதில் பச்சையாகத் தெரியுமாம்.

குழியின் வாய் பச்சையாக ஒளிர்ந்தது.



விளக்கு நகர்ந்தது. பேசினின் விளிம்பில் பச்சைப் புள்ளிகள். சுவரில் புள்ளிகள். குழாயைத் திறக்கும்போதெல்லாம் தண்ணீர் நேராகக் குழியில் விழுந்து தெறித்திருக்கிறது. கட்டில் கம்பியில் வரிசையாக, எறும்பு ஊர்ந்ததுபோல. தலையணை ஓரத்தில். அங்கிருந்து விளக்கு என் பக்கம் திரும்பியது.

என் பத்து விரல்களும் பச்சையாக ஒளிர்ந்தன.

சற்று முன்புதான் கழுவியிருந்தேன்.

தம்பியின் கழுத்தருகே, கட்டுத்துணியின் மேல் என் விரல் பட்ட இடங்கள் தனித்தனியே தெரிந்தன. ஐந்தையும் எண்ணலாம்போல அவ்வளவு தெளிவாக இருந்தன.

விளக்கைப் போட்டதும் பெரிய சிஸ்டர் வெடித்தார். "இந்த பேசின்ல பாலும் குளுக்கோஸும் ஊத்தினது யாரு? போர்டு எழுதி ஒட்டியும் புத்தி வராதா?" எல்லோரும் பினாயில் அண்ணனைத்தான் பார்த்தார்கள்.

நான் சொல்லியிருக்க வேண்டும். சொன்னால் நோயாளியோடு இருக்கக் கொடுத்த பாஸைப் பிடுங்கி என்னை வெளியே அனுப்பிவிடுவார்கள். அவனை இந்தக் குழிக்குப் பக்கத்தில் தனியாக விட்டுவிட்டுப் போக என்னால் முடியாது. வாயைத் திறக்கவில்லை. வெட்கங்கெட்டவள் நான். பினாயில் அண்ணன் என்னை ஒரு பார்வை பார்த்தார், அவ்வளவுதான். காட்டிக்கொடுக்கவில்லை. மறுநாளிலிருந்து அவரை வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள்.

போகும்போது கட்டிலருகே வந்து நின்றார்.

"தம்பி பொழச்சா போதும்மா," என்றார் மெதுவாக. "ஆனா பாத்து இருங்க. உங்க கை அதுக்குப் பழகிடுச்சு."

அன்றே தம்பியைத் தனி அறைக்கு மாற்றினார்கள். வாஷ்பேசினைப் பெயர்த்தார்கள். வளைந்த குழாயைக் கழற்றியபோது உள்ளிருந்து கொழகொழவென்று ஒன்று முழு நீளத்துக்கு வழுக்கி வந்து தரையில் விழுந்தது. குழாயின் வளைவு அப்படியே அதற்கும் இருந்தது. பிளம்பர் பின்னால் குதித்தார். அதை மஞ்சள் பையில் போட்டு எரிக்கக் கொண்டுபோனார்கள், ஓட்டையைச் சிமெண்ட் வைத்து அடைத்தார்கள்.

கடைசி மருந்து ஏறியது. மூன்று நாள் அவனுக்குச் சிறுநீரே சரியாகப் போகவில்லை. முகம் உப்பி, என்னையே அடையாளம் தெரியாமல் பார்த்தான். கழுவிக் கழுவித் தோலுரிந்த கைகளை மடியில் வைத்துக்கொண்டு அவனைத் தொடாமல் உட்கார்ந்திருந்தேன். பதினோராம் நாள் ஜுரம் இறங்கியது. "என்ன சோப்பக்கா, தொட மாட்டேங்கற?" என்று கேட்டான். ஓவென்று அழுதுவிட்டேன்.

நாற்பத்தொரு நாள் கழித்து வீட்டுக்கு வந்தோம். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன சொம்பு, துண்டு, பை, செருப்பு எதையும் வீட்டுக்குள் விடவில்லை. எல்லாவற்றையும் வாசலிலேயே எறிந்தேன். அவன் வருவதற்கு முன்பே சமையலறைத் தொட்டியைப் பிளீச்சிங் பவுடர் போட்டுத் தேய்த்தேன். குழாயைப் புதிதாக மாற்றினேன். அதில் ஒரு சொட்டுப் பால் ஊற்றவில்லை. மிஞ்சியதை எல்லாம் வெளியே மண்ணில்தான் கொட்டினேன்.

மார்பில் உள்ளங்கை அகலத்துக்கு மட்டும் இன்னும் புண் மூடவில்லை. பத்து நாளில் மூடிவிடும் என்றார் டாக்டர்.

இன்று காலை பதினோரு மணி. நல்ல வெயில். முன்னறையில் தம்பி ஜன்னலோரம் படுத்திருந்தான், ரேடியோவோடு சேர்ந்து ஏதோ முனகிக்கொண்டிருந்தான். நான் காய்ந்த தொட்டியைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தேன்.

குளுக்.

துணியை அப்படியே வைத்தேன்.

தெருவில் ஏதோ வண்டி போயிருக்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பிளீச்சிங் பவுடரை டப்பாவோடு கவிழ்த்தேன். மேலே தண்ணீரைத் திறந்துவிட்டேன். அது சுழன்று, சாவகாசமாக இறங்கியது. பிளீச்சிங் நெடி கண்ணைக் கரிக்க வேண்டும். கரிக்கவில்லை.

குழியின் மேல் உள்ளங்கையை அழுத்தி மூடினேன். அடியிலிருந்து ஈரமாக, வெதுவெதுப்பாக, ஏதோ என் கையைத் தொட்டது. அவசரப்படாமல், பழகிய கையைப் போல ஒவ்வொரு விரலாகத் தடவியது.

முன்னறையில் முனகல் நின்றது.

"அக்கா," என்று கூப்பிட்டான் தம்பி, ஆசையாக. "திராட்சை வாங்கிட்டு வந்தியா?"