அண்ணாந்து குடித்தவன்

டெலிபோன் அலறியது. காலை பதினொன்றேகால்.

கல்கத்தா பவானிபூர் வீட்டில், ரிடையரான பாங்க் மானேஜர் வாஞ்சிநாதன் ரிசீவரை எடுத்தார்.

"மேஷோமஷாய்," வங்காளிகள் பெரியவர்களை அழைக்கும் மரியாதையோடு ஒரு குரல். "இன்ஸ்பெக்டர் சந்தீப் பேசறேன். கரியாஹாட்ல ஒரு நகைக்கடை... ஒருத்தன் வாட்ச்மேன் மண்டையை உடைச்சுட்டு வளையல்களை அள்ளிட்டான்."

"அதை ஏன் எங்கிட்ட சொல்றேள்?"

"திருட்டு கேஸ்ல உங்க தங்கை பையன் விக்ரமுக்கு ஜாமீன் கையெழுத்து போட்டது நீங்கதானே? அவன் எங்கே?"

வாஞ்சிநாதனின் முதுகு இன்னும் நிமிர்ந்தது. மூன்று தலைமுறையாக இந்த ஊரில் அவர்கள் வீட்டுக் கையெழுத்து பொய்த்ததில்லை.

"இப்பத்தான் உள்ளே வந்தான். வாங்கோ."

பத்து நிமிஷத்தில் ஜீப்.

விக்ரம் தோள் பையைக்கூடக் கழற்றவில்லை. சந்தீப் மொபைலை நீட்டினார். கடையின் சிசிடிவி படம். முகமூடிக்காரன் வாட்ச்மேனை அடித்துச் சாய்க்கிறான். பக்கத்தில் மண் குவளையில் ஆவி பறக்கும் டீ. முகமூடியை மூக்குவரை உயர்த்தி... அந்த டீயை அண்ணாந்து ஊற்றிக்கொள்கிறான்!

"சூடு டீயை உதடு படாம குடிக்கிறதை நான் இந்த வீட்லதான் பார்த்திருக்கேன். ஜாமீன்ல இருக்கும்போது இன்னொரு பெரிய குற்றம்... ரத்து பண்ணச் சொல்லி இன்னிக்கே கோர்ட்ல மனு போடுவேன்."

விக்ரம் சிரித்தான். "நான் கல்கத்தா பையன் சார். எனக்கு அண்ணாந்து தண்ணி குடிக்கவே வராது."

மேஜைமேலிருந்த தண்ணீர்ச் சொம்பைத் தூக்கி ஊற்றிக்கொண்டான். மூக்கில் ஏறியது. சட்டை தொப்பல்.

இன்ஸ்பெக்டர் தலையைச் சொறிந்தார்.

வாஞ்சிநாதன் அந்த ஈரச் சட்டையையே பார்த்தார். பிறகு மனைவிக்குக் குரல் கொடுத்தார்.

"சௌந்தரம்... மூணு டம்ளர் காபி. கொதிக்கக் கொதிக்க."

வந்தது. சந்தீப் உறிஞ்சினார்.

"நல்லவேளை... மாமி காபி ஜெயில்ல கிடைக்காது" என்று விக்ரம் டம்ளரை உயர்த்தினான். ஒரு சாண் உயரத்திலிருந்து காபி இறங்கியது. ஒரு சொட்டு சிந்தவில்லை.



விக்ரமின் கை அந்தரத்தில் நின்றது.

"பையைத் திற" என்றார் சந்தீப்.

ஆறு வளையல்கள். கடைச் சீட்டோடு.

வாஞ்சிநாதன் பேனாவைத் திறந்தார். "என் ஜாமீனை வாபஸ் வாங்கிக்கறேன்னு நானே எழுதித் தரேன். வாட்ச்மேன் எப்படி இருக்கார்?"

"கண் முழிச்சுட்டார். முதல்ல கேட்டதே டீதான்."

விக்ரம் முனகினான். "மாமா, நீங்களே மாட்டி விட்டுட்டேளே..."

"எச்சில் பண்ணிக் குடிச்சிருந்தா தப்பிச்சிருப்பேடா. ஆனா அப்புறம் இந்தாத்துல உனக்குக் காபி கிடைச்சிருக்காது."