புதருக்கடியில் நின்ற பூட்ஸ்

சனிக்கிழமை மத்தியானம் அப்பாவுக்குச் சோறு கொண்டுபோவது யூனிஸின் வேலை.

அவளுக்குப் பத்து வயது. வீடு வண்டலூர் ரயில்வே கேட்டுக்குப் பக்கத்தில். அப்பா தாவீது, ஊருக்குப் பின்னால் இருக்கிற மலைக்காட்டில் காவல்காரர். மரம் வெட்ட வருகிறவர்களை விரட்ட வேண்டும். மலை ஏறி இறங்கி, ஏரிக்கரையைச் சுற்றி வர வேண்டும். ஒரு நாளைக்கு எட்டு மைல் நடை.

அது 1988ஆம் வருடம், கார்த்திகை மாதம். மழை விட்டு விட்டுப் பெய்துகொண்டிருந்தது. மழைக்காலத்தில் அந்தக் காட்டில் பாம்பு அதிகம். கண்ணாடி விரியன் சருகுக்குள் சருகு மாதிரியே படுத்திருக்கும். மிதிக்கிற வரைக்கும் தெரியாது. பயமுறுத்தச் சொல்லவில்லை. இருப்பதைச் சொல்கிறேன்.

அம்மாவின் தம்பி துரை மாமா, மூன்று வருடத்துக்கு முன்னால் அங்கே விறகு பொறுக்கப் போனார், வெறுங்காலோடு. உயிர் பிழைத்தார். ஆனால் வலது காலில் இப்போது விரல்கள் கிடையாது. அன்றிலிருந்து வீட்டில் யாரும் பாம்பு என்று வாயால் சொல்வதில்லை. பூச்சி என்பார்கள்.

ரேஞ்சர் ஐயாவும் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். பூட்ஸ் போடாதவன் காட்டுக்குள் நுழையக் கூடாது. அப்பாவிடம் யாரோ கொடுத்த பழைய பட்டாளத்து பூட்ஸ் இருந்தது. காலையில் அதைப் போட்டுக்கொண்டு டொக் டொக் என்று கிளம்புவார். அந்தச் சத்தத்தைக் கேட்டால் யூனிசுக்குத் தைரியமாக இருக்கும்.

அந்தச் சனிக்கிழமை அவள் தூக்குச்சட்டியோடு ஒற்றையடிப் பாதையில் போனாள். காரைப் புதர் ஒன்றின் அடியில் ஏதோ கறுப்பாகத் தெரிந்தது. குனிந்து பார்த்தாள்.

அப்பாவின் பூட்ஸ். இரண்டும் ஒட்டி நின்றன. உள்ளே கால் இல்லை.

 அவள் கையில் தூக்குச்சட்டி மூடி கடகடவென்று ஆடியது.

"அப்பா!"

 எங்கோ ஒரு காக்கை கத்தியது.

"அப்பா! அப்பா!"

பின்னால் சளக் சளக் என்று சத்தம். திரும்பினாள். முழங்கால் வரைக்கும் சேறோடு அப்பா வந்துகொண்டிருந்தார். வெறுங்கால்.

"இன்னா யூனிசு, இந்தக் கத்து கத்துறே?"

"உன் பூட்ஸ் ஏம்பா இங்க கீது?"

அப்பா திருட்டுமாங்காயோடு மாட்டிக்கொண்ட பையன் மாதிரி தலையைச் சொறிந்தார்.

"இரும்பு மாதிரி கனக்குதும்மா. தண்ணி பூந்துச்சுன்னா காலுக்கொரு குடத்தக் கட்டிக்கினு நடக்குற மாதிரி. இதோ பாரு." குதிகாலைக் காட்டினார். தோல் உரிந்து சிவந்திருந்தது. "காட்டு கேட் வரைக்கும் போட்டுக்கினு வருவேன். ஐயா தலை மறைஞ்சதும் இங்க வெச்சிடுவேன். போகசொல்ல எடுத்துப்பேன்."

"பூச்சி கடிச்சா?"

"நான் கீழ பாத்துதான் நடப்பேன்."

"துரை மாமாவும் பாத்துதானே நடந்துச்சு?"

அப்பா தூக்குச்சட்டியைத் திறந்தார். "அம்மா கையில சொல்லாத கண்ணு. பயந்துக்கும்."

அன்றிலிருந்து டொக் டொக் சத்தம் யூனிசுக்குத் தைரியம் தரவில்லை. அது கேட் வரைக்கும்தான் என்று தெரிந்துவிட்டதே. வகுப்பில் கணக்குப் போடும்போது மழை வந்தால் பென்சில் நின்றுவிடும். இப்போது அப்பா எந்தச் சருகில் கால் வைக்கிறாரோ? சாயந்திரம் அப்பா வாசலில் இருமுகிற வரைக்கும் அவளுக்குச் சோறு இறங்காது.

நாலு நாள் இப்படியே போனது. ஐந்தாம் நாள் அவளுக்கு ஒன்று தோன்றியது. அப்பாவுக்குப் பூட்ஸ் பிடிக்காமல் இல்லை. அந்தப் பூட்ஸ்தான் பிடிக்கவில்லை. கனக்காத, தண்ணீர் புகாத, கடிக்காத பூட்ஸ் இருந்தால் எதற்குக் கழற்றப் போகிறார்?

அம்மா மெட்டில்டா கிறிஸ்துமஸுக்கு யார் யாருக்கு என்ன துணி என்று யோசித்துக்கொண்டிருந்தாள்.

"அம்மா, இந்த வருசம் அப்பாக்கு சட்ட வேணாம். பூட்ஸ் வாங்கலாம்."

"அதான் ஒண்ணு கீதே?"

யூனிஸ் தரையைப் பார்த்தாள். "அது கடிக்குதும்மா."

அம்மா மெதுவாகச் சொன்னாள். "எனக்குத் தெரியும். தெனம் ராத்திரி உங்க அப்பா கால்ல முள்ளு எடுக்குறது யாரு? பூட்ஸ் போட்டவன் கால்ல முள்ளு எப்டி ஏறும்?"

"ஏம்மா கேக்கல?"

"கேட்டா சண்ட வரும். சண்ட போட்டுட்டுக் காட்டுக்குப் போனா கவனம் தரையிலயா இருக்கும்?"

அம்மாவும் இத்தனை நாள் பயந்துகொண்டுதான் இருந்திருக்கிறாள். யூனிஸ் அவள் பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்தாள்.

அப்பாவைக் கடைக்குக் கூப்பிட்டால் வர மாட்டார். அதனால் விடிகாலையில் அவர் தூங்கும்போது யூனிஸ் நூலால் பாதத்தின் நீள அகலத்தை அளந்தாள். அப்பா கொசு என்று நினைத்து ஒரு உதை விட்டார்.

அன்று சாயந்திரம் அப்பா குழாயடியில் கால் கழுவிவிட்டு உள்ளே வந்தார். சிமெண்டுத் தரையில் ஈரக்கால் அச்சு விழுந்தது. யூனிஸ் சும்மா நூலை அதன்மேல் வைத்துப் பார்த்தாள்.

நூல் போதவில்லை! சுண்டுவிரல் பக்கம் பாதம் முறம் மாதிரி அகன்றிருந்தது. படுத்திருக்கும் கால் வேறு. எட்டு மைல் நடந்துவிட்டு நிற்கும் கால் வேறு. பூட்ஸ் நடக்கிற காலுக்குத்தானே?

ஈரம் காய்வதற்குள் இரண்டு அச்சையும் சாக்பீஸால் சுற்றி வரைந்தாள். பழைய காலண்டர் அட்டையில் அதே அளவு வெட்டினாள். வலது கால் இடதைவிடக் கொஞ்சம் பெரியது!

ஞாயிற்றுக்கிழமை கோயிலில் ஆராதனை முடிந்ததும் அம்மாவும் அவளும் ரயில் ஏறித் தாம்பரம் போனார்கள். ஸ்டேஷனுக்கு எதிர்ச்சந்தில் முனிரத்தினம் என்பவர் செருப்புக் கடை வைத்திருந்தார். பேச்சு இனிக்கும். இனிக்கப் பேசுகிறவர்களிடம் கொஞ்சம் தள்ளியே நிற்க வேண்டும்.

"வாட்டர் ப்ரூஃப் பாப்பா! கடல்ல போட்டாலும் உள்ள நனையாது," என்று ஒரு தோல் பூட்ஸை நீட்டினார்.

"கடல் வேணாம்ணா. ஒரு பக்கெட் தண்ணி போதும்," என்றாள் யூனிஸ்.

"இன்னாது?"

"உள்ள பேப்பர் வெச்சி, பக்கெட்ல நிக்க வெப்போம். பேப்பர் நனையலன்னா வாங்கிக்கிறோம்."

"ஏம்மா, உம்பொண்ணு இன்னா போலீஸா?"

"பயந்தவண்ணா அவ," என்றாள் அம்மா. "நானும்தான்."

முனிரத்தினம் முனகிக்கொண்டே பக்கெட் கொண்டுவந்தார். கொஞ்ச நேரத்தில் பேப்பர் சொதசொதவென்று ஆனது.

"பாலிஷ் போட்டா சரியாய்டும்," என்றார், கூரையைப் பார்த்துக்கொண்டு.

அடுத்து முழங்கால் வரை வரும் ரப்பர் பூட்ஸ். பேப்பர் நனையவில்லை. ஆனால் தூக்கினால் கை இறங்கியது. பக்கத்தில் வெங்காயம் விற்ற அம்மணி அக்கா, வேடிக்கை பார்த்தது போதாமல், தராசையே நீட்டினாள். ஜோடி இரண்டரைக் கிலோ!

"இத்தப் போட்டா எங்கப்பா மறுபடியும் கழட்டிப் புதர்ல வெச்சிடும்," என்றாள் யூனிஸ். அவள் குரல் உடைந்தது. "எங்க மாமாக்கு ஏற்கெனவே விரல் போச்சுண்ணா."

முனிரத்தினம் அவளை ஒரு நிமிடம் பார்த்தார். பிறகு ஏணி போட்டுப் பரணிலிருந்து ஒரு பெட்டியை இறக்கினார்.

"குரோம்பேட்டைல வெளிநாட்டுக்குத் தெச்சது. மல ஏறுறவங்க போடுறது. நூல் கலர் தப்பாப் போச்சுன்னு தள்ளிட்டாங்க."

கணுக்காலுக்கு மேல் வரும் பூட்ஸ். இடது பூட்ஸில் பச்சை நூல், வலதில் நீலம். தராசில் ஜோடி ஒரு கிலோ வெங்காயத்தோடு சமமாக நின்றது. பக்கெட்டில் நின்றது, உள்ளே பேப்பர் மொறமொறவென்று இருந்தது. அட்டைக் கால்கள் மடங்காமல் உள்ளே போயின. விரல் அசையவும் இடம் இருந்தது.

கிறிஸ்துமஸ் வரைக்கும் காத்திருக்காமல் அன்று ராத்திரியே அதை அப்பாவிடம் கொடுத்தார்கள். அப்பா கேட்டார், "இது இன்னா, பச்சை ஒண்ணு, நீலம் ஒண்ணு?"

"பூச்சிக்குக் கலர் தெரியுமா? போடுய்யா," என்றாள் அம்மா.

அப்பா சட்டென்று அம்மாவைப் பார்த்தார். பிறகு குனிந்து கயிற்றைக் கட்டினார்.

அடுத்த சனிக்கிழமை. மழை தூறியது. காரைப் புதர் நெருங்க நெருங்க யூனிஸின் நடை மெதுவானது. இதையும் கழற்றியிருந்தால்?

மெல்லக் குனிந்தாள். புதருக்கடியில் ஒரு நத்தை மட்டும் ஊர்ந்துகொண்டிருந்தது.

பாதைச் சேற்றில் புது அச்சு, கட்டம் கட்டமாக, மலைப்பக்கம் ஏறிப் போயிருந்தது. யூனிஸ் அந்த அச்சுகளில் ஒவ்வொன்றாகக் கால் வைத்து ஏறினாள். மேலே பாறையில் அப்பா காலை நீட்டி உட்கார்ந்திருந்தார், பச்சையும் நீலமுமாக.

"ஏம்மா இவ்ளோ லேட்டு? வயிறு கூப்புடுது!"

யூனிஸ் தூக்குச்சட்டியை நீட்டினாள். இந்தத் தடவை மூடி ஆடவில்லை.