பதில் எழுதுகிறவன்

2008 ஐப்பசி. அரக்கோணம் ரோட்டில் மழை பிடித்துக்கொண்டது. சாய்ராம் தலையைத் துடைத்தபடி பிரவுசிங் சென்டருக்குள் ஓடி, கடைசித் தடுப்பின் கதவைத் தள்ளினான்.

"ஆளு இருக்கறது தெரியல...?"

உள்ளே ஒருவன். முப்பது வயதிருக்கும். கோபத்திலும் அழகான கண்கள்... மன்னிப்புக் கேட்க வாயெடுத்த சாய்ராமின் பார்வை திரையில் போய் நின்றது.

'ஈரக்காற்று'. ஆணை நேசிக்கும் ஆண்களுக்காக, முகம் தெரியாத யாரோ எழுதும் வலைப்பூ. காதல் கதைகள், நடுநடுவே வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள். சாய்ராம் வாராவாரம் படிப்பான். ஆனால் இவன் படிக்கவில்லை... எழுதிக்கொண்டிருந்தான்.

"நீங்களா...?"

அவன் அவசரமாகத் திரையை அணைத்தான். "யார்கிட்டயும் சொல்லிடாதீங்க..."

"நானா? நீங்க எழுதலைன்னா இந்நேரம் ஒரு அப்பாவிப் பொண்ணுக்குத் தாலி கட்டியிருப்பேன்."

எதிர் டீக்கடையில் ஒதுங்கினார்கள். அவன் பெயர் ஆதிகேசவன். அம்மையார்குப்பத்தில் தறி ஓட்டும் வீடு. சாய்ராமுக்கு மலைக்கோயில் மடப்பள்ளியில் சமையல்.

"'ஒரு பொண்ண மறைப்பா வச்சுக்காத, வீட்ல ஒருத்தர்கிட்டயாவது நெசத்தச் சொல்லு'ன்னு எனக்குப் பதில் போட்டீங்க. தேவசேனா அக்காகிட்ட சொன்னேன். அழுதா... அப்புறம் அவளே அப்பாகிட்ட பேசி சம்பந்தத்த நிறுத்திட்டா."

ஆதி டம்ளரையே பார்த்தான். "எழுதறதெல்லாம் காத்துல போவுதுன்னு நெனச்சிகினு இருந்தேன்..."

"எழுதறவரு நரைச்ச தலையா இருப்பாருன்னு நான் நெனச்சேன்."

ஆதி சிரித்தான். சாய்ராமுக்கு டீ ஆறிப்போனது தெரியவில்லை.

"மறுபடி எப்ப பாக்கலாம்?"

சிரிப்பு நின்றது. "வேணாங்க. என்னை நம்பி மனசத் தொறந்து கேக்கறாங்க. அவங்ககிட்டயே நான் பழக ஆரம்பிச்சா அந்த நம்பிக்கை என்னாவறது?"

வலித்தது. ஆனாலும் பாழும் மனசு, அந்த நேர்மைக்காகவே அவனை இன்னும் கொஞ்சம் விரும்பித் தொலைத்தது.

"சரி... இன்னியோட நான் உங்க வாசகன் இல்ல." மழையில் இறங்கி நடந்தான்.

அதன்பிறகு அந்த வலைப்பூப் பக்கமே போகவில்லை. கை துடித்தது... போகவில்லை.

கிருத்திகைக் கூட்டம் வடிந்த ஒரு மாலை. மடப்பள்ளி வாசலில் ஆதி, படியேறி வந்த மூச்சிரைப்போடு நின்றான்.

"கதையா எழுதிகினே இருக்கேன். எல்லாத்துலயும் நீதான் வர்ற. படிக்கலியா?"

"நிறுத்திட்டேன்னு சொன்னேனே."

"நெசமாவா?"

"ஆங்."

ஊருக்கெல்லாம் பதில் சொன்னவன் ஒரு படி கீழே இறங்கி, திரும்பி ஏறி வந்தான்.

"அப்ப நேர்லதான் சொல்லணும்போல... எனக்கு உன்ன ரொம்பப் புடிச்சிருக்கு, சாய்ராம். எழுதறதவிட இது கஷ்டமா இருக்குது."

சாய்ராம் கரண்டியைக் கீழே வைத்தான்.

"இன்னொரு தடவ சொல்லு..."