இடது குழல்

இடது குழலில் வெளிச்சம் தெரியவில்லை.

ராஜமாணிக்கம் துப்பாக்கியைக் கண்ணிலிருந்து விலக்கி, இமைகளைத் துடைத்துக்கொண்டு, மறுபடியும் ஜன்னலை நோக்கித் தூக்கினான். வெளியே மதில்மேல் விளக்கு எரிந்துகொண்டுதான் இருந்தது. தோட்டாவை இறக்கிவிட்டு, மடங்கித் திறந்திருக்கும் இரட்டைக்குழலின் பின்பக்கமாகப் பார்த்தால், அந்த விளக்கு அருகருகே இரண்டு வெள்ளை வட்டங்களாகத் தெரியும். ஷிப்ட் முடியும்போதெல்லாம் அவன் பார்ப்பதுதான். இன்று வலது பக்கம் வட்டம் இருந்தது. இடது பக்கம் இருட்டு.

பொழுது இன்னும் சாயவில்லை. ஆனாலும் புயல் மழையில் கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டை முழுக்க மங்கிக் கிடந்தது. மில்லை நிறுத்தி, காலையிலேயே எல்லோரையும் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். செம்புக் கம்பி இருக்கும் குடோனுக்கு மட்டும் காவல். தகரக் கூரையில் மழை ஓயாமல் கொட்டிக்கொண்டிருந்தது. ஆறிக்கொண்டிருந்த உலையிலிருந்து நனைந்த இரும்பும் கருகிய எண்ணெயும் கலந்த வாடை, கதவிடுக்கு வழியாக உள்ளே வந்து அவன் சட்டையில் ஒட்டிக்கொண்டிருந்தது.

அவன் பட்டாளத்தில் இருந்து வந்தவன். தோட்டா இறக்குவதில் அவசரம் காட்டமாட்டான். முனையை மூலையிலிருக்கும் மணல் டிரம் பக்கம் திருப்பி, விரலை விசையில் படாமல் வெளியே நீட்டி, சேப்டி பட்டனைப் பின்னுக்கு இழுத்துவிட்டு, மேலே இருக்கும் நெம்புகோலைக் கட்டைவிரலால் ஒதுக்குவான். துப்பாக்கி முழங்கைபோல மடங்கும். இரண்டு தோட்டாக்களையும் உருவி மேசைமேல் நிறுத்துவான். அப்புறம் இரண்டு குழலையும் கண்ணால் பார்த்து, சுண்டுவிரலை விட்டுத் தடவுவான். காலி என்று அடுத்தவன் சொல்வதை அவன் நம்புவதில்லை.

இதே அறையில் ஒருவன் அப்படி நம்பித்தான் செத்துப்போனான். ராஜமாணிக்கத்துக்கு முன்னால் வேலை பார்த்த யேசுதாஸ். ஷிப்ட் மாறும்போது இன்னொரு காவலாளி மணவாளன் துப்பாக்கியைத் திறந்துகூடப் பார்க்காமல் காலி என்று நீட்டியிருக்கிறார். யேசுதாஸ் நாற்காலியில் உட்கார்ந்து, முழங்கால்களுக்கு நடுவே அதை நிறுத்தி, குழல் முனையில் முகவாயை ஊன்றிக் கண்ணயர்ந்துவிட்டான். கால் சறுக்கியதா, கட்டை தரையில் மோதியதா, தெரியாது. இடது குழல் வெடித்தது. விபத்து என்று கேஸ் முடிந்து, துப்பாக்கி கம்பெனிக்குத் திரும்பி வந்தது. மணவாளனும் திரும்பி வந்தார்.

ஏதாவது அடைத்திருக்கும். குளவி கூடு கட்டியிருக்கலாம். துடைக்கும் கம்பியில் உலர்ந்த துணியைச் சுற்றி இடது குழலுக்குள் விட்டான். எங்கும் தட்டாமல் போய் அந்தப் பக்கம் எட்டிப் பார்த்தது. உருவினான். மறுபடி கண்ணை வைத்தான்.

இருட்டு.

துணியைத் தொட்டுப் பார்த்தான். ஈரம். அதுவும் வெதுவெதுப்பாக. மூக்கருகே கொண்டுபோனபோது எண்ணெய் நாற்றம் அடிக்கவில்லை. கிராம்பு வாசனை அடித்தது.

யேசுதாஸுக்குப் பல்வலி, எந்நேரமும் ஒரு கிராம்பைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு இருப்பான் என்று மெயின் கேட் காவலாளி அன்புசெல்வன் எப்போதோ பேச்சுவாக்கில் சொல்லியிருந்தான்.

துப்பாக்கியை மேசையில் கிடத்திவிட்டு, அடுத்த ஷிப்டுக்கு வரவேண்டிய மணவாளனுக்கு போன் போட்டான்.

"அண்ணே, எங்க கீறீங்க?"

"ரயில்வே பாலத்தாண்ட வந்துட்டேன்பா. முட்டியளவு தண்ணி. வண்டியத் தள்ளிக்கினு வரேன். நீ துப்பாக்கிய பீரோல வச்சிட்டு ஊட்டுக்குக் கெளம்பு."

"இல்லண்ணே, நீங்க வந்து ஒரு தபா பாத்து வாங்கிக்குங்க. இடது குழல்ல…"

"இடது குழல்ல இன்னா?"

ராஜமாணிக்கம் மேசையில் கிடந்த துப்பாக்கியைத் திரும்பிப் பார்த்தான். மணவாளன் மூச்சு விடுவது கேட்டது.

"இன்னாடா கீது அதுல?" என்றார். குரல் தாழ்ந்திருந்தது.

"வெளிச்சம் தெரிய மாட்டேங்குது, அண்ணே."

இணைப்பு அறுந்தது. திரும்பக் கூப்பிட்டான். போகவில்லை.

கிளம்பிவிடலாம். கடம்பத்தூரில் மனைவி சின்னப்பொண்ணு தனியாக இருப்பாள், குழந்தைக்கு வேறு சளி. ஆனால் பார்க்காமல் பூட்டிவைத்தால், நாளை இதைத் திறந்து பார்க்காமல் எடுக்கிறவன் கதி என்ன? தோட்டாக்கள் மேசைமேல்தான் நின்றன. இருந்தும் மனசு ஒப்பவில்லை. எழுந்து மேசையின் அந்தப் பக்கம் போய்க் குழலின் முனையைப் பார்த்தான். சுத்தமான இரண்டு துளைகள். இடது துளையின் விளிம்பில் மட்டும் ஈரம் வளையமாகப் படிந்திருந்தது, குழந்தை வாயிலிருந்து எடுத்த பால்பாட்டில்போல.

திரும்பி வந்து துப்பாக்கியை எடுத்தான். ஜன்னலுக்கு நேராகத் தூக்கினான். முன்பக்கம் கனத்தது.

கண்ணை வைத்தான்.

இருட்டு அசைந்தது.

கொஞ்சம் பின்வாங்கியது. அதன் ஓரத்தில் வெளிச்சம் கீற்றாகப் பிறந்து, வளைந்து, ஒரு தாடையின் வடிவைக் காட்டியது. நரைத்த முள்தாடி. அதற்கு மேல் உதடு. கன்னத்துக்குள் எதையோ இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம் ஒதுக்கிக்கொள்ளும் உதடு.

மூச்சு குழல் வழியாக வந்து அவன் விழியில் பட்டது.

துப்பாக்கிக்கு மேலாகப் பார்த்தான். வெறும் அறை. ஜன்னல். கண்ணாடியில் அவன் மட்டும்.

போன் அடித்தது. துப்பாக்கியை இறக்காமலே ஒரு கையால் எடுத்தான்.

"மாணிக்கம்ணே, அன்பு பேசறேன்." மூச்சிரைத்தது. "மணவாளண்ணன் வண்டி பாலத்தடியில கெடக்குது. ஆளக் காணோம். தண்ணி இஸ்துகினு போயிடுச்சின்னு சொல்றாங்க. கொஞ்ச நேரம் முன்ன யார்கிட்டயோ போன்ல பேசிக்கினு இருந்தாராம், அப்படியே நின்னுட்டாராம். அண்ணே? கேக்குதா?"

கேட்டது. போன் கையிலிருந்து நழுவி எங்கோ விழுந்தது.

பார்க்கக்கூடாது. பார்த்தான்.

வலது வட்டம் இன்னும் வெள்ளையாக இருந்தது. விளக்கு. மழை. விளக்கு.

அந்த வட்டமும் அணைந்தது.

முதலில் தண்ணீர்தான் வந்தது. வலது குழல் வழியாக, சேறும் டீசலும் நாறும் குளிர்ந்த தண்ணீர், அவன் கன்னத்தில் வழிந்து கழுத்துக்குள் இறங்கியது. தண்ணீர் நின்ற பிறகு, குழலின் மறுமுனையில் ஒரு கண். நனைந்த கண். இமைக்கவில்லை. மணவாளனின் கண்.

அது மெல்ல மேலேறியது. மூக்கு போனது. வாய் போனது. முகவாய் வந்து துளையை மூடியது.

பக்கத்துக் குழலில் இருந்தவன் அவருக்கு இடம்விட்டு ஒதுங்கிக்கொண்டான்.

இரண்டு பேரும் முகவாயை ஊன்றிக்கொண்டார்கள். தூக்கம் வந்தவர்கள் ஊன்றிக்கொள்வதுபோல, முழு பாரத்தோடு. ராஜமாணிக்கம் துப்பாக்கியை இறக்கப் பார்த்தான். கீழே வைக்க முடியவில்லை.